குமரி ஊர்களில் எழுத்தும் வாசிப்பும்: கவனிக்கத் தொடங்குகிறவர்களுக்கு

2011 மக்கள்தொகைக் கணக்கெடுப்பில் கன்னியாகுமரி மாவட்டத்தின் எழுத்தறிவு 91.75 விழுக்காடு. தமிழ்நாட்டிலேயே முதலிடம், மாநிலத்தின் அளவு 80.09. இந்த எண்ணை மட்டும் கையில் வைத்துக்கொண்டு தோவாளை பூச்சந்தைக்கோ குளச்சல் கடற்கரைக்கோ போனால் அது உங்களுக்கு ஒன்றும் சொல்லித் தராது. ஏழு வயதோ அதற்கு மேலோ ஆனவர், ஏதாவது ஒரு மொழியில் புரிந்து படிக்கவும் எழுதவும் தெரிந்தவர். கணக்கெடுப்பில் எழுத்தறிவு என்றால் அவ்வளவுதான். அவர் எதைப் படிக்கிறார், யாருக்காகப் படிக்கிறார், படித்தபிறகு என்ன நடக்கிறது என்பதையெல்லாம் அந்தப் படிவம் கேட்பதில்லை.

அதைக் கேட்கப் போகிறவர்களுக்காக இதை எழுதுகிறேன். கல்லூரியில் களப்பணி என்று சொல்லி அனுப்பப்படுகிற மாணவர்கள், இந்த மாவட்டத்துக்கு மாறுதலாகி வந்த ஆசிரியர்கள், நூலகத்தில் தன்னார்வலராகச் சேர்ந்தவர்கள், சொந்த ஊரைப் பற்றி ஏதாவது எழுத நினைத்து எங்கே தொடங்குவது என்று தெரியாமல் இருப்பவர்கள் எல்லாருக்கும் இது உதவும். பெரிய படிப்பு ஒன்றும் வேண்டாம். ஒரு நோட்டு, ஒரு பேனா, மாலை நேரங்கள் கொஞ்சம் போதும்.

முதலில், எதைத் தேடுகிறோம்?

எழுதப் படிக்கத் தெரிவதை ஒரு தனித் திறமையாக, நீச்சல் மாதிரி, நினைத்துப் பழகிவிட்டோம். தெரியும், அல்லது தெரியாது. 1970களில் பிரையன் ஸ்ட்ரீட் என்ற மானிடவியலாளர் ஈரானில் ஒரு மலைக் கிராமத்தில் தங்கியிருந்தார். பட்டணத்துப் பள்ளிக்கூடம் போனவர்களைவிட, ஊர் மக்தபில் குர்ஆன் ஓதப் படித்தவர்கள்தான் பழ வியாபாரம் பெருகியபோது பில் எழுதவும் பெட்டிகளுக்குப் பெயர் போடவும் கணக்கு வைக்கவும் முன்னால் நின்றார்கள் என்று அவர் கவனித்தார். அவர்களுக்கு ஊரில் ஏற்கெனவே ஒரு மதிப்பும் நம்பிக்கையும் இருந்தது. எழுத்து அதன்மேல் ஏறிக்கொண்டது. அதே காலத்தில் அமெரிக்காவின் கரோலினா பகுதியில் ஷெர்லி பிரைஸ் ஹீத் வேறொன்றைப் பார்த்தார். அங்கே ஆலைத் தொழிலாளர் குடியிருப்பு ஒன்றில், வந்த கடிதத்தை ஒருவர் தனியாகப் படிப்பதே அபூர்வம். வாசல் திண்ணையில் உரக்கப் படிப்பார்கள், சுற்றி இருப்பவர்கள் குறுக்கே பேசுவார்கள், எல்லாரும் சேர்ந்துதான் அந்தக் கடிதத்துக்கு என்ன பொருள் என்று முடிவு செய்வார்கள்.

இது நமக்குப் புதிதா? சாயாக்கடை பெஞ்சில் ஒரே ஒரு தினத்தந்தி நாலு தாளாகப் பிரிந்து நாலு கைக்குப் போவதைப் பார்த்த யாருக்கும் இது தெரிந்த கதைதான். கோட்பாடு இவ்வளவு போதும். எழுத்தைச் சுற்றி ஆட்கள் கூடி ஏதாவது செய்கிற தருணம்தான் நாம் தேடுவது. அந்தத் தருணத்தில் தாள் ஒன்று இருக்கும், ஆட்கள் இருப்பார்கள், அவர்களுக்குள் ஓர் உறவு இருக்கும். மூன்றையும் சேர்த்துப் பார்க்க வேண்டும்.

ஒரே ஒரு நோட்டைப் பிடியுங்கள்

புதியவர்கள் பெரும்பாலும் முழு ஊரையும் பார்க்க நினைத்து, கடைசியில் ஒரு பட்டியலோடு திரும்புவார்கள்: பள்ளி ஒன்று, நூலகம் ஒன்று, கோயில் இரண்டு. அதற்குப் பதிலாக ஒரு நோட்டை எடுத்துக்கொள்ளுங்கள். கல்யாண வீட்டுச் சுருள் நோட்டையே சொல்லலாம். மொய் என்று மற்ற மாவட்டத்துக்காரர்கள் சொல்வதுதான்.

பந்தல் வாசலுக்குப் பக்கத்தில் ஒரு மேசை. எண்பது பக்கமோ நூறு பக்கமோ கொண்ட நீள நோட்டு, முதல் பக்கத்தில் மஞ்சள் தொட்டிருக்கும், அல்லது சிலுவை போட்டிருக்கும், பிள்ளையார் சுழியோ 786ஓ இருக்கும். அதன் பின்னால் இரண்டு பேர். ஒருவர் பணத்தை வாங்கி எண்ணுவார், இன்னொருவர் எழுதுவார். எழுதுகிறவர் யார் என்று பாருங்கள். கையெழுத்து அழகானவர் என்பதற்காக மட்டும் அவரை உட்கார வைத்திருக்க மாட்டார்கள். வருகிறவர்களில் முக்கால்வாசிப் பேரை அவருக்கு முகம் பார்த்தே தெரிந்திருக்க வேண்டும். ஏனென்றால் வருகிறவர் முழுப் பெயரைச் சொல்ல மாட்டார். “மக்கா, நம்ம பனவிளைன்னு போடு” என்பார். பனவிளையில் எந்த வீடு, தகப்பன் பெயர் என்ன, போன வருஷம் இவர் வீட்டுக் கல்யாணத்துக்கு நாம் என்ன வைத்தோம் என்பதெல்லாம் எழுதுகிறவர் தலையில் இருக்கும். மாவட்டத்தின் மேற்குப் பக்கத்தில் வீட்டு இலக்கத்தைவிட விளையின், அதாவது வீடு நிற்கிற தோட்டத்தின், பெயர்தான் முகவரி. நோட்டில் விழுகிற வரி இப்படி இருக்கும்: ஊர் அல்லது விளை, தகப்பன் பெயரின் முதலெழுத்து, பெயர், தொகை. சிலருக்கு வேலையும் சேர்ந்துவிடும்: ‘கொத்தனார்’, ‘டிரைவர்’, ‘வாத்தியார்’.

விருந்து முடிந்த இரவில் வேலை இன்னொரு தடவை தொடங்கும். பெண்ணின் அம்மையும் சித்தியும் பக்கத்தில் இருக்க, ஒருவர் நோட்டை உரக்கப் படிப்பார். ஒவ்வொரு வரிக்கும் ஒரு பேச்சு வரும். “அவன் இம்புட்டுத்தான் வச்சானா? நாம அவன் மவ கல்யாணத்துக்கு...” அப்போது பழைய நோட்டு பெட்டியிலிருந்து இறங்கும். இரண்டையும் ஒத்துப் பார்ப்பார்கள். அந்த வீட்டில் நோட்டைக் கையால் தொடாத, எழுதப் படிக்கத் தெரியாத கிழவிதான் பெரும்பாலும் அந்தக் கணக்கின் நிஜமான சொந்தக்காரி. எந்த வரி யாருடையது, எது கடன், எது அன்பு என்று அவளுக்குத்தான் தெரியும். அரசாங்கக் கணக்கெடுப்பில் அவள் எழுத்தறிவில்லாதவள். நோட்டைப் படிக்கிற பேரனால் அவள் சொல்லாமல் ஒரு வரியைக்கூடப் புரிந்துகொள்ள முடியாது.

இப்படி ஒரு நோட்டை முழுதாகப் பார்த்தால், அதிலிருந்து அடுத்தது தானாகவே வரும். கோயில் தலைக்கட்டு வரி ரசீது, ரப்பர் கடையில் ஷீட்டுக்கும் ஒட்டுப்பாலுக்கும் தனித்தனியாக எடை எழுதுகிற பற்றுவரவு, கடற்கரையில் ஏலம் விடுகிறவரின் துண்டுச் சீட்டு. எதை எடுத்தாலும் ஒன்று போதும். இரண்டு நோட்டுக்கு மேல் ஒரே நேரத்தில் தூக்கிக்கொண்டு அலையாதீர்கள்.

எப்படிக் கேட்பது

“நீங்கள் படிப்பீர்களா?” என்று கேட்காதீர்கள். இந்தக் கேள்விக்கு இந்த மாவட்டத்தில் கிடைக்கிற பதில் வெட்கம்தான். “இல்ல சாரே, எட்டாம் கிளாசோட நின்னுட்டேன்” என்பார். பேச்சு முடிந்துவிடும். அதே ஆள் காலையில் ரப்பர் விலையைப் பேப்பரில் ஆர்.எஸ்.எஸ். 4 என்ற ரப்பர் தரத்தின் வரியில் விரல் வைத்துப் பார்த்து, நேற்று விலையோடு ஒப்பிட்டு, ஷீட்டை இன்றைக்குக் கொடுக்கலாமா, இன்னும் ஒரு வாரம் புகைக்கூட்டில் வைக்கலாமா என்று முடிவு செய்திருப்பார். அவர் கணக்கில் அது படிப்பில் சேராது. பாடப்புத்தகம்தான் படிப்பு.

ஆகவே தாளைக் காட்டிக் கேளுங்கள். “இத ஆரு எழுதுனது?”, “இது வந்தா ஆருகிட்ட குடுத்து வாசிக்கச் சொல்லுவிய?”, “இது முடிஞ்சா எங்க வைப்பிய?” மூன்றாவது கேள்வி மிக முக்கியம். கூரை எரவாணத்தில் செருகியதா, பெட்டிக்குள் துணிக்கு அடியிலா, சாமி படத்துக்குப் பின்னாலா, பொட்டலம் கட்டப் போய்விட்டதா? வைக்கிற இடத்தை வைத்தே அந்தத் தாளுக்கு வீட்டில் என்ன மதிப்பு என்று பாதி சொல்லிவிடலாம்.

அழைக்கும் முறையைப் பற்றி ஒரு சொல். வயதானவரைப் பாட்டா என்று அழைக்கிற வீட்டில் நீங்கள் ‘ஐயா’ என்று தொடங்கினால் ஏதோ ஆபீஸிலிருந்து வந்திருக்கிறீர்கள் என்று நினைத்து ரேஷன் கார்டை எடுத்து வருவார்கள். நாகர்கோவில் பக்கத்துக் கடைகளில் அண்ணாச்சி போதும். கடற்கரை ஊர்களில் முதலில் பங்குத்தந்தையிடமோ ஊர்க் கமிட்டியிடமோ சொல்லிவிட்டுப் போவதுதான் மரியாதை. அப்படிச் சொல்லாமல் நோட்டும் பேனாவுமாக மணலில் நடந்தால் வங்கிக் கடனுக்கு ஆள் வந்திருக்கிறது என்று பேச்சு பரவிவிடும்.

குறிப்பு எடுப்பது

களத்தில் நின்று நீளமாக எழுதாதீர்கள். நாலைந்து சொற்கள் மட்டும் குறித்துக்கொண்டு, அன்று இரவே விரித்து எழுதுங்கள். மறுநாள் என்று தள்ளினால் ஆட்கள் பேசிய சொல் போய், உங்கள் சொல் வந்து உட்கார்ந்துவிடும்.

குறிப்பு எப்படி இருக்க வேண்டும் என்பதற்கு ஒரு மாதிரி தருகிறேன். பெயரில்லாத ஒரு மகளிர் குழுக் கூட்டம் என்று வைத்துக்கொள்ளுங்கள்:

“ஞாயிறு, மாலை நாலரை. அங்கன்வாடித் திண்ணை. வந்தவர் பதினொரு பேர், பாயில் எட்டு, படியில் மூன்று. தீர்மான நோட்டு செயலாளரின் மடியில். கூட்டம் தொடங்குமுன்பே தேதியும் ‘தலைவி தலைமையில் கூட்டம் நடைபெற்றது’ என்பதும் எழுதியாகிவிட்டது. பேசியது: ஒருவர் இரண்டு தவணை கட்டவில்லை. இருபது நிமிடம் இதுதான். குரல் உயர்ந்தது. நோட்டில் எழுதியது: ‘கடன் தவணை பற்றி விவாதிக்கப்பட்டது.’ பிறகு நோட்டு கைமாறியது. ஒன்பது பேர் ஒப்பு போட்டார்கள். ஒருவர் பேனாவைப் பிடித்து மெதுவாக, எழுத்து எழுத்தாக. மற்றவர்கள் காத்திருந்தார்கள், யாரும் அவசரப்படுத்தவில்லை. ஒருவர் கைரேகை வைக்கமாட்டேன் என்று நோட்டைத் தள்ளினார். பக்கத்திலிருந்தவர் அவருடைய கையைப் பிடித்து முதல் எழுத்தைப் போட வைத்தார்.”

மாதிரியில் என்ன இருக்கிறது, என்ன இல்லை என்று பாருங்கள். பேசியதற்கும் எழுதியதற்கும் நடுவில் உள்ள இடைவெளி இருக்கிறது. இருபது நிமிடச் சண்டை ஒரே வரியில் அடங்கிய விதம்தான் அந்த நோட்டின் வேலை. வங்கி மேலாளர் பார்ப்பார், ஒன்றியத்திலிருந்து வருகிறவர் பார்ப்பார் என்று தெரிந்து எழுதப்பட்ட வரி அது. அந்தப் பெண்ணைக் காப்பாற்றுகிற வரியும் அதுவே. ‘பெண்கள் அதிகாரம் பெற்றார்கள்’ என்கிற மாதிரியான முடிவு மாதிரியில் எங்கும் இல்லை. முடிவுகளைக் குறிப்புக்குள் நுழைய விடாதீர்கள். பக்கத்து மார்ஜினில் வேறு மையில் எழுதிக்கொள்ளலாம்.

கைரேகைக்கு மறுத்த பெண்ணின் பக்கம் கொஞ்சம் நின்று யோசிக்க வேண்டும். 1990களில் அறிவொளி இயக்கம் வந்தபோது கையெழுத்துப் போடக் கற்றதை இன்றைக்கும் சொல்லிச் சொல்லிப் பெருமைப்படுகிறவர்கள் உண்டு. அவர்கள் அதன்பிறகு ஒரு புத்தகமும் படித்திருக்க மாட்டார்கள். அதற்காக அந்தக் கற்றல் வீண் என்று எழுதிவிடாதீர்கள். ஆபீஸ் மேசையில் மைப்பெட்டியைத் தள்ளி வைக்க முடிவது சின்ன விஷயமில்லை.

காதால் படிக்கிற ஊர்

இந்த மாவட்டத்தில் வாசிப்பைத் தேடுகிறவர் புத்தகக் கடையைவிட முதலில் போக வேண்டியது ஒரு நிழல் தாங்கலுக்கு, அதாவது அய்யாவழிக்காரர்களின் வழிபாட்டிடத்துக்கு. சாமித்தோப்பு அய்யா வைகுண்டரின் வழியில் வந்த பதிகளிலும் தாங்கல்களிலும் அகிலத்திரட்டு அம்மானையை ஏடு வாசிப்பாக நடத்துகிறார்கள். 1841இல் அரிகோபாலன் சீடரால் எழுதப்பட்டதாக மரபு சொல்கிற நூல் அது. சாமித்தோப்பில் கார்த்திகையில் பதினேழு நாள் வாசிப்பு. சின்னத் தாங்கல்களில் வசதிக்கேற்ப நாள் குறையும்.

மாலையில் போய்த் தரையில் உட்காருங்கள். தலைப்பாகை கட்டிய ஒருவர் ராகம் போட்டு வாசிப்பார். இடையிடையே நிறுத்தி விளக்கம் சொல்வதும் உண்டு. கேட்கிறவர்களில் பலருக்கு அடுத்த வரி வாயிலேயே இருக்கும். பிறகு அவர்கள் ஏன் வந்திருக்கிறார்கள்? தகவலுக்காக வரவில்லை என்பது தெளிவு. திருக்கல்யாணப் பகுதி வாசிக்கிற நாளில் கூட்டம் கூடுவதைப் பார்த்தால் பதில் கிடைக்கும். கல்யாண வீட்டுக்கு வருவதுபோலவே சுருள் கொண்டு வருவார்கள். ஏட்டில் நடக்கிற கல்யாணம் அன்றைக்கு ஊரில் நடக்கிற கல்யாணம். வாசிப்பு இங்கே ஒரு நிகழ்ச்சியைப் பற்றிச் சொல்வதில்லை, நிகழ்ச்சியையே நடத்துகிறது.

இதன் பின்னணியை மறந்துவிட வேண்டாம். யார் எழுத்தைத் தொடலாம் என்பதே ஒரு காலத்தில் சாதிச் சண்டையாக இருந்த மண் இது. 1806இல் மயிலாடிக்கு வந்த மிஷனரி ரிங்கல்தௌபேயும் அவருக்குப் பின் நாகர்கோவிலில் பள்ளியும் அச்சகமும் நடத்திய லண்டன் மிஷன்காரர்களும் ஒரு வழியில் அந்தக் கதவைத் தட்டினார்கள். வைகுண்டரைச் சுற்றிக் கூடியவர்கள் தங்களுக்கென்று ஓர் ஏட்டையே உண்டாக்கிக்கொண்டது இன்னொரு வழி. இரண்டையும் பக்கத்தில் பக்கத்தில் வைத்துப் பார்க்கிற கட்டுரையைத்தான் நான் படிக்க ஆசைப்படுகிறேன். பெரும்பாலும் ஒன்றைச் சொல்கிறவர் மற்றதை விட்டுவிடுகிறார்.

தக்கலையில் பீரப்பா தர்காவுக்கும் போக வேண்டும். சூஃபி ஞானி பீர் முஹம்மது அப்பாவின் ஞானப்புகழ்ச்சிப் பாடலை ஆண்டு விழாவில் ரஜப் மாதம் 14ஆம் இரவு தொடங்கி விடிய விடியக் கூட்டமாக ஓதுகிறார்கள். பழைய தலைமுறையினரிடம் அரபுத்தமிழ் பற்றிக் கேளுங்கள்: அரபு எழுத்தில் தமிழை எழுதுவது. எழுத்து ஒன்று, மொழி ஒன்று, படிக்கக் கற்ற இடம் மதரசா. இப்படிப் படித்தவரைப் ‘படிக்காதவர்’ என்று எந்தக் கட்டத்தில் டிக் செய்வது?

கொடை விழா நடக்கிற கோயிலில் வில்லுப்பாட்டு இருந்தால் இரவு தங்குங்கள். பாட்டை நடத்துகிற அண்ணாவியின் பக்கத்தில் ஒரு நோட்டு இருக்கலாம், ஓலையிலிருந்து அவருடைய ஆசானோ அப்பாவோ பெயர்த்து எழுதியதாக இருக்கும். ஆனால் பாட்டு நோட்டின்படி ஓடாது. சாமியாடிக்கு அருள் வர நேரமானால் அந்த இடம் நீளும், வந்துவிட்டால் சுருங்கும். குடமும் உடுக்கும் வேகம் பிடிக்கிற இடத்தில் நோட்டை யாரும் பார்ப்பதில்லை. எழுதியதும் பாடியதும் எங்கே பிரிகிறது என்று கவனிக்க, பகலில் அண்ணாவியிடம் நோட்டைக் காட்டச் சொல்லிக் கேட்கலாம். காட்டமாட்டேன் என்றால் வற்புறுத்த வேண்டாம். அது அவர் பிழைப்பு.

தேவாலயங்களில் கல்யாண ஓலை வாசிப்பதைக் கேளுங்கள். ஞாயிறு பூசையில், இன்னார் மகனுக்கும் இன்னார் மகளுக்கும் திருமணம், தடை இருந்தால் தெரிவிக்கவும் என்று மூன்று வாரம் அறிவிப்பது. ஒரு நிமிடத்தில் முடியும் வாசிப்பு. அதன் பிறகு வாசலில் நடக்கிற பேச்சு அரை மணி நேரம் ஓடும். குறிப்பு எடுக்க வேண்டியது அந்த அரை மணியைத்தான்.

எழுதித் தருகிறவர்கள்

தாலுகா ஆபீஸ் வாசலில் மனு எழுதுகிறவரை எல்லாருக்கும் தெரியும். அவர் வேலையைக் கவனிக்கச் சிறந்த வழி பக்கத்து மரத்தடியில் உட்கார்ந்திருப்பது. வந்தவர் தன் கதையை முழுதாகச் சொல்வார்: மகன் கைவிட்டது, கால் வீங்கியது, பக்கத்து வீட்டுக்காரி பென்சன் வாங்குவது. மனு எழுதுகிறவர் கேட்டுக்கொண்டே, ‘ஆதரவற்ற நிலையில் வாழ்ந்து வருகிறேன்’ என்று ஒரு வரி எழுதுவார். அரசாங்கத்தின் காதில் எந்தச் சொல் விழும் என்று தெரிந்திருப்பதுதான் அவர் தொழில். எழுத்து அழகும் இலக்கணமும் அப்புறம்தான்.

இன்னொரு தொழில், ஆதாரம் எழுதுவது. மற்ற மாவட்டங்களில் பத்திரம் எழுதுவது என்பார்கள். இந்த மாவட்டம் 1956 நவம்பர் 1 வரை திருவிதாங்கூர் கொச்சியோடு இருந்தது. அதனால் கல்குளம், விளவங்கோடு பக்கத்தில் பழைய முன்னாதாரங்கள் (முந்தைய பத்திரங்கள்) மலையாளத்தில் இருக்கும், தமிழில் இருந்தாலும் மலையாளச் சொற்கள் நிறைந்து கிடக்கும். தேதி கொல்லம் ஆண்டில் இருக்கும். புதியவர்கள் இங்கே தடுமாறுவதால் கணக்கைச் சொல்லிவிடுகிறேன்: ஆவணி முதல் மார்கழி நடுவரை உள்ள தேதியானால் கொல்லம் ஆண்டோடு 824ஐக் கூட்டுங்கள், அதற்குப் பின் அடுத்த ஆவணி வரை 825. கொல்லம் 1100 என்றால் 1924 ஆகஸ்டில் தொடங்கி 1925 ஆகஸ்டில் முடிகிற வருஷம். கோயில் கொடை நோட்டீசிலும் கல்யாணப் பத்திரிகையிலும் இன்றும் ஆங்கிலத் தேதிக்குப் பக்கத்தில் கொல்லம் ஆண்டு அச்சாவதைக் காணலாம்.

அந்த மலையாள ஆதாரத்தைப் படித்துச் சொல்ல ஊரில் ஒன்றிரண்டு பெரியவர்கள்தான் மிஞ்சியிருப்பார்கள். நிலத் தகராறு வந்தால் அவர் வீட்டுத் திண்ணையில் இரண்டு கட்சியும் உட்காரும். அவர் விரலை வரிமேல் வைத்து, மலையாளத்தில் ஒருமுறை, தமிழில் ஒருமுறை சொல்வார்: “கிழக்கு எல்லை தோடு, தெக்கு எல்லை இன்னார் விளை.” தோடு இப்போது ஓடையாக இல்லை, சாலையாகிவிட்டது. விளைக்கு நாலு கை மாறிவிட்டது. தாளில் இருக்கிற ஊரையும் நிற்கிற ஊரையும் ஒன்றாக்குவதுதான் அவர் படிப்பு. அவரிடம் உட்கார வாய்ப்புக் கிடைத்தால் மற்ற எதையும் ஒதுக்கிவிட்டு உட்காருங்கள்.

வீட்டுக்குள்ளும் எழுதித் தருகிறவர்கள் இருக்கிறார்கள். ஒன்பதாம் வகுப்புப் பெண் பிள்ளைகள்தான் பெரும்பாலும். வங்கிச் சலான், மீன்பிடித் தடைக்கால நிவாரண விண்ணப்பம், ஆதார் திருத்தம், அப்பாவின் போனுக்கு வந்த ஓ.டி.பி. எல்லாம் அவள் கையில். வீட்டில் யார் எதற்கு எவ்வளவு கடன் என்று அவளுக்குத் தெரிந்துவிடுகிறது. இது அவளுக்கு மதிப்பா பாரமா என்று அவளிடமே கேட்கலாம், அம்மா பக்கத்தில் இல்லாதபோது.

போனைப் பற்றி அதிகம் சொல்லப் போவதில்லை. எல்லாரும் அதைத்தான் எழுதுகிறார்கள். ஒன்றை மட்டும் கவனியுங்கள். ஆழ்கடலுக்குப் போகிற தூத்தூர் பக்கத்து வீடுகளிலும் வளைகுடாவில் ஆள் இருக்கிற வீடுகளிலும் குரல் செய்திதான் கடிதம். முன்பு கடிதத்தை ஒருவர் வாசிக்க எல்லாரும் கேட்டார்கள். இப்போது குரலை ஸ்பீக்கரில் போட்டு எல்லாரும் கேட்கிறார்கள்.

தொடக் கூடாதவை

சுருள் நோட்டு, குழுக் கடன் நோட்டு, கடைப் பற்று, ஆதாரம் எதையும் போட்டோ எடுக்காதீர்கள். அனுமதி கொடுத்தாலும் வேண்டாம். கொடுக்கிற ஒருவருடைய பெயர் மட்டுமா அதில் இருக்கிறது? எடுத்தே ஆக வேண்டுமென்றால் எழுதாத பக்கத்தை, அட்டையை, மேசையை எடுங்கள். தொகை, சர்வே எண், வீட்டுப் பெயர் எதுவும் உங்கள் கட்டுரையில் வரக் கூடாது. ஊர்ப் பெயரையும் மாற்றிவிடுவது நல்லது. ஆனால் மலைப்பக்க ஊரைக் கடற்கரை ஊராக்கிவிடாதீர்கள். பெயரை மாற்றலாம், தொழிலை மாற்றக் கூடாது.

2017 நவம்பர் இறுதியில் அடித்த ஓகி புயலுக்குப் பின் கடற்கரைப் பங்குகளில் காணாமல்போனவர்களின் பட்டியல்களைக் கையால் எழுதினார்கள். அரசு சொன்ன எண்ணும் ஊர் எழுதிய எண்ணும் ஒத்துப்போகாத நாட்கள் அவை. எழுத்தை ஆய்வு செய்கிறவருக்கு அதைவிட முக்கியமான தாள் இருக்காது. இருந்தாலும் நீங்களாகப் போய்க் கேட்காதீர்கள். அவர்களாக எடுத்துக் காட்டினால் பாருங்கள், பேனாவை மூடி வைத்துவிட்டு.

கேட்கிறவர்களுக்கு ஒரு உபகாரமும் செய்யாமல் மாதக்கணக்கில் கேட்டுக்கொண்டிருப்பதும் சரியில்லை. உங்களுக்கு விண்ணப்பம் நிரப்பத் தெரியும், நிரப்பிக் கொடுங்கள். அப்படிச் செய்யும்போதுதான் எந்தக் கட்டத்தில் ஆட்கள் தயங்குகிறார்கள் என்றும் தெரியும். ‘குடும்பத் தலைவர் பெயர்’ என்ற இடத்தில் கணவன் விட்டுப்போன பெண் என்ன சொல்கிறாள் என்பதைப் பக்கத்திலிருந்து கேட்டுத்தான் தெரிந்துகொள்ள முடியும்.

எந்த மாதம், எந்த இடம்

ஏடு வாசிப்பைப் பார்க்கக் கார்த்திகையில் போங்கள். கோடை மாதங்கள் கொடைக்கு. ஆனி, ஆடி மழையில் மலைப் பக்கம் ரப்பர் பால்வெட்டு மந்தமாகும், திண்ணையில் ஆள் கிடைப்பார்கள். விசைப்படகுத் தடைக்காலம் இந்த மாவட்டத்தில் இரண்டு: கிழக்குக் கடற்கரைக்கு ஏப்ரல் 15 முதல் ஜூன் 14 வரை, மேற்குக் கடற்கரைக்கு ஜூன் 1 முதல் ஜூலை 31 வரை. ஏப்ரல் பிற்பாதியிலும் மே மாதத்திலும் கிழக்கே சின்னமுட்டத்தில் ஆள் கரையில் இருக்கிறபோது மேற்கே குளச்சலில் கடலில் இருப்பார்கள். நிவாரணப் படிவங்கள் ஊருக்குள் சுற்றுகிற காலமும் அதுதான். நூலகங்களுக்கு மட்டும் காலம் கிடையாது. திருவிதாங்கூரில் 1945இல் கிரந்தசாலா சங்கம் (நூலகச் சங்கம்) தொடங்கிய காலத்து வாசகசாலை வழக்கம் இங்கே சில ஊர்களில் இன்னும் இருக்கிறது. மாலை ஐந்தரைக்குப் போனால் பேப்பர் மேசையில் யார் எந்த நாற்காலி என்பது வரைக்கும் பார்க்கலாம்.

எழுதத் தொடங்கும்போது ஒரே ஒரு நிகழ்ச்சியை, பத்து நிமிடம் நடந்ததை, மூன்று பக்கத்துக்கு எழுதிப் பாருங்கள். அதற்குமுன் எண்ணும் வேண்டாம், கோட்பாடும் வேண்டாம். மூன்று பக்கம் வரவில்லை என்றால் இன்னொரு தடவை போக வேண்டும் என்று பொருள். வந்துவிட்டால் பிரதி ஒன்றை எடுத்துக்கொண்டு அந்த வீட்டுக்கோ குழுவுக்கோ போய், கொடுத்துவிட்டு வந்துவிடாமல், உட்கார்ந்து உரக்கப் படித்துக் காட்டுங்கள். குறுக்கே பேசுவார்கள். “அப்பிடி இல்ல மக்கா” என்று திருத்துவார்கள். ஒருவர் சொன்னதை இன்னொருவர் மறுப்பார். அதையும் தேதி போட்டு நோட்டில் எழுதிக்கொள்ளுங்கள். இரண்டாவது வரைவை அதிலிருந்து தொடங்கலாம்.